கம்ப்யூட்டர்ல இருக்கிற வீடியோவ டிவில பாக்கறது எப்படி? கடலூர், பாண்டி பக்கம் அடிக்கடி கேக்கற கேள்விகள்

கடலூர் பக்கத்துல இருக்கிற திருவந்திபுரம் கோயில்ல முகூர்த்த நாள் வந்தா ஒரே காலையில அத்தனை கல்யாணம் நடக்குது, அத்தனைக்கும் வீடியோ எடுக்கறாங்க, கொஞ்ச மாசம் கழிச்சு வீடியோக்காரர் ஒரு பென்டிரைவோ ஹார்ட் டிஸ்கோ கையில குடுத்துடறார். வீட்டுக்கு வந்து லேப்டாப்ல போட்டா ஓடுது, ஹால்ல இருக்கிற டிவில போட்டா ஓடல. சின்ன ஸ்கிரீன சுத்தி எல்லாரும் எட்டி எட்டிப் பாத்துட்டு, ஆயாவுக்கு ஒண்ணும் தெரியலன்னு மூடி வச்சுடறாங்க, அப்புறம் அந்த பென்டிரைவ் பீரோவுக்குள்ள போயிடுது. இதுல பெரும்பாலும் டிவி மேல எந்தக் குறையும் இருக்காது, புது டிவியும் தேவைப்படாது. அதனாலதான் இத உக்காந்து எழுதறேன், வீட்டுப் பெரியவங்க எல்லாத்தையும் பெரிய திரையில பாக்கணும்.

முதல்ல எங்கேருந்து ஆரம்பிக்கணும்?

டிவிக்குப் பின்னாடி போய் டார்ச் அடிச்சுப் பாருங்க. எச்டிஎம்ஐன்னு எழுதின தட்டையான ஓட்டை இருக்கா, யூஎஸ்பி இருக்கா, இல்ல மஞ்சள் வெள்ளை சிவப்புன்னு மூணு வட்ட ஓட்டை மட்டும்தானா? அதே மாதிரி கம்ப்யூட்டர் பக்கத்தையும் பாருங்க. ரெண்டையும் போட்டோ புடிச்சு போன்ல வச்சுக்கிட்டு கடைக்குப் போங்க. வாயால விளக்கிச் சொல்லி வாங்கினா தப்பான கேபிள்தான் வீட்டுக்கு வரும்.

இருக்கறதுலயே சுலபமான வழி எது?

எச்டிஎம்ஐ கேபிள். என்னைக் கேட்டா மத்த எல்லாம் இதுக்கு அப்புறம்தான். ஏன்னா இந்த வழியில ஃபைல ஓட்டறது கம்ப்யூட்டர், டிவி வெறும் திரைதான், அதனால விஎல்சிங்கற இலவச வீடியோ பிளேயர்ல ஓடற எதுவா இருந்தாலும் டிவில தெரியும், ஃபார்மேட் ஒத்துக்கல, கோடெக் (அது என்னன்னு கீழ சொல்றேன்) இல்லங்கற பேச்சே வராது.

கேபிள ரெண்டு பக்கமும் சொருகுங்க, டிவி ரிமோட்ல சோர்ஸ் இல்லன்னா இன்புட் பட்டன அழுத்தி நீங்க சொருகின அதே நம்பர் எச்டிஎம்ஐ எடுங்க, லேப்டாப்ல விண்டோஸ் கீயையும் பி எழுத்தையும் சேத்து அழுத்தினா நாலு ஆப்ஷன் வரும், அதுல டூப்ளிகேட் குடுங்க. லேப்டாப்லயும் டிவிலயும் ஒரே படம் வந்துடும். படம் ஓட ஆரம்பிச்ச பிறகு லேப்டாப் திரை வேணாம்னா அதே மெனுல செகண்ட் ஸ்கிரீன் ஒன்லி குடுங்க, டிவிக்கு ஏத்த ரெசல்யூஷன அதுவே எடுத்துக்கும், படமும் தெளிவா இருக்கும்.

கேபிளுக்கு எவ்வளவு குடுக்கலாம்? தங்க முலாம் பூசினது, ஸ்பெஷல்னு ஆயிரக்கணக்குல சொல்லுவாங்க, வேணாம். உள்ள போறது டிஜிட்டல் சிக்னல், வந்தா முழுசா வரும், கேபிள் சரியில்லன்னா புள்ளி புள்ளியா மின்னும் இல்லன்னா அப்பப்ப கறுப்பாகும், விலை கூடினா கலர் கூடாது. அஞ்சு மீட்டருக்குள்ள சாதா ஹை ஸ்பீட் கேபிள் போதும். 4கே டிவிக்கு மட்டும் ஒண்ணு கவனிங்க, 2009ல வந்த எச்டிஎம்ஐ 1.4ல 4கே படம் செகண்டுக்கு 30 ஃப்ரேம்தான் போகும், 60 ஃப்ரேம் வேணும்னா லேப்டாப், கேபிள், டிவி மூணுமே 2013ல வந்த 2.0 தரத்துல இருக்கணும்.

படம் வருது, சத்தம் லேப்டாப்லயேதான் கேக்குது. என்ன பண்றது?

இது எல்லார் வீட்டுலயும் நடக்கறதுதான். கீழ வலது ஓரத்துல ஸ்பீக்கர் படத்த கிளிக் பண்ணி, அங்க வர்ற பட்டியல்ல உங்க டிவி பேர எடுங்க. டிவி பேரே அங்க வரலன்னா கேபிள ஒரு தடவ கழட்டி மாட்டுங்க. விஎல்சி ஏற்கனவே தொறந்து இருந்தா மூடித் தொறந்தா சரியா வரும்.

படத்தோட நாலு ஓரமும் வெட்டுப்படுது, கீழ இருக்கிற டாஸ்க்பார் தெரியல, ஏன்?

பழைய ட்யூப் டிவி காலத்துல இருந்து வர்ற பழக்கம், டிவி படத்த கொஞ்சம் பெருசாக்கி ஓரத்த மறைச்சுடும். டிவி மெனுல பிக்சர் சைஸ் இல்லன்னா ஆஸ்பெக்ட் ரேஷியோக்குப் போங்க. எல்ஜில ஜஸ்ட் ஸ்கேன், சாம்சங்ல ஸ்கிரீன் ஃபிட், வேற கம்பெனில ஃபுல்னோ டாட் பை டாட்னோ இருக்கும்.

லேப்டாப்ல நீலக் கலர் விஜிஏ மட்டும்தான் இருக்கு அண்ணா, எச்டிஎம்ஐ இல்ல.

முடியும்மா. 15 பின் இருக்கிற அந்த விஜிஏ 1987ல வந்தது, அதுல படம் மட்டும்தான் போகும், சத்தம் போகாது. டிவில விஜிஏ ஓட்டை இருந்தா ஒரு விஜிஏ கேபிள், கூடவே ஹெட்போன் ஓட்டையில இருந்து ஒரு ஆடியோ கேபிள், வேலை முடிஞ்சது. டிவில எச்டிஎம்ஐ மட்டும் இருந்தா கன்வெர்ட்டர் வேணும், கடையில கேக்கும்போது "லேப்டாப்ல விஜிஏ, டிவில எச்டிஎம்ஐ"ன்னு திசையோட சொல்லுங்க. எச்டிஎம்ஐல இருந்து விஜிஏ போறதும் விஜிஏல இருந்து எச்டிஎம்ஐ போறதும் பாக்க ஒரே மாதிரி இருக்கும், ஒண்ணோட வேலைய இன்னொண்ணு செய்யாது. ஆடியோ உள்ள போற சின்ன வயரும் யூஎஸ்பில பவர் எடுக்கற வயரும் அதுல இருக்கான்னு பாத்து வாங்குங்க.

2011ல தமிழ்நாட்டு அரசு குடுக்க ஆரம்பிச்ச விலையில்லா லேப்டாப் இன்னும் நெறைய வீட்டுல சும்மா கெடக்குது. பேட்டரி போயிருந்தாலும் சார்ஜர்ல ஓடினா போதும், டிவிக்குப் பக்கத்துலயே நிரந்தரமா வச்சுடலாம், 1080பின்னு சொல்ற ஃபுல் எச்டி கல்யாண வீடியோ ஓட்ட அது தாராளம்.

எங்க வீட்டுல இருக்கறது கலைஞர் டிவிதான். அதுல முடியுமா?

2006ல இருந்து அரசு இலவசமா குடுத்த அந்த 14 இன்ச் டிவி இன்னும் ஓடுதுன்னா அதுலயும் பாக்கலாம். அதுல எச்டிஎம்ஐ கிடையாது, ஏவின்னு சொல்ற கலர் ஓட்டைதான் இருக்கும். எச்டிஎம்ஐ டு ஏவின்னு தீப்பெட்டிய விட கொஞ்சம் பெரிய டப்பா கிடைக்குது, ஒரு பக்கம் எச்டிஎம்ஐ, மறு பக்கம் மஞ்சள் வெள்ளை சிவப்பு, நடுவுல பவருக்கு சின்ன யூஎஸ்பி ஓட்டை. பவர் வயர லேப்டாப்லயோ போன் சார்ஜர்லயோ சொருகணும், அத விட்டுட்டுதான் நெறைய பேர் "டப்பா வேலை செய்யல"ன்னு திருப்பிக் குடுக்கறாங்க. டப்பா ஓரத்துல நகத்தால தள்ளற மாதிரி ஒரு குட்டி ஸ்விட்ச் இருக்கும், பால் (PAL), என்டிஎஸ்சி (NTSC)ன்னு ரெண்டு டிவி முறை எழுதியிருக்கும், பால்தான் நம்ம ஊர் முறை, படம் கறுப்பு வெள்ளையா வந்தாலோ உருண்டு ஓடினாலோ அத பால் பக்கம் தள்ளுங்க. டிவில ஆடியோவுக்கு ஒரே ஓட்டைன்னா வெள்ளைய சொருகுங்க.

எழுத்து படிக்க முடியாது, அத எதிர்பாக்காதீங்க. ஆனா ஆளுங்க முகம், தாலி கட்டற இடம், நாதஸ்வரச் சத்தம் எல்லாம் நல்லாவே வரும்.

பென்டிரைவ டிவிலயே சொருகிப் பாத்தா என்ன?

தாராளமா. வயசானவங்க தனியா இருக்கிற வீட்டுக்கு இதுதான் சரி, ரிமோட் மட்டும் போதும். ஆனா இங்க ஃபைல ஓட்டறது டிவி, அதனால டிவிக்குத் தெரிஞ்சததான் ஓட்டும்.

முதல் தடங்கல் பென்டிரைவோட ஃபார்மேட். ஃபேட்32ல ஒரு ஃபைல் 4 ஜிபிய தாண்டக் கூடாது, ரெண்டு மணி நேர கல்யாண வீடியோ அத சாதாரணமா தாண்டும், காப்பி பண்ணும்போதே ஃபைல் பெருசா இருக்குன்னு சொல்லிடும். எக்ஸ்ஃபேட், என்டிஎஃப்எஸ் ரெண்டுலயும் அந்தத் தொல்லை இல்ல, இப்ப வர்ற பெரும்பாலான டிவி ரெண்டுல ஒண்ணையாவது படிக்கும். பழைய டிவிக்கு ஃபேட்32 மட்டும்தான் தெரியும்னா வீடியோவ ரெண்டு மூணு துண்டா வெட்டிப் போட வேண்டியதுதான்.

தயவு செஞ்சு ஒண்ணு. ஃபார்மேட் பண்ணா உள்ள இருக்கிற எல்லாம் அழிஞ்சிடும். வீடியோக்காரர் குடுத்த பென்டிரைவ்ல கை வைக்காதீங்க, அது வீட்டுல இருக்கிற ஒரே காப்பியா இருக்கும். மொதல்ல கம்ப்யூட்டர்ல காப்பி எடுங்க, டிவிக்குன்னு வேற பென்டிரைவ் வச்சுக்கோங்க.

ஹார்ட் டிஸ்க் சொருகினா டிக் டிக்னு சத்தம் வருது, டிவில ஒண்ணும் வரலையே?

பவர் பத்தல. பழைய யூஎஸ்பி ஓட்டை அரை ஆம்பியர் குடுக்கும், சுத்தற ஹார்ட் டிஸ்க் கிளம்பும்போது அதுக்கு மேல கேக்கும். டிவில எச்டிடின்னு எழுதின யூஎஸ்பி இருந்தா அதுல போடுங்க, இல்லன்னா தனி அடாப்டர் இருக்கிற யூஎஸ்பி ஹப் வழியா குடுங்க. டிக் டிக் சத்தத்தோட அப்படியே விட்டு வைக்காதீங்க, டிஸ்குக்கு நல்லதில்ல.

"ஃபார்மேட் நாட் சப்போர்ட்டட்"னு வருது. சில ஃபைல்ல படம் ஓடுது, சத்தம் இல்ல. ஒரே எம்கேவி, ஒண்ணு ஓடுது, ஒண்ணு ஓடல. இது என்ன கணக்கு?

அதிகமா வர்ற கேள்வி இதுதான், அதனால கொஞ்சம் நிதானமா சொல்றேன்.

எம்பி4, எம்கேவி, ஏவிஐ இதெல்லாம் எவர்சில்வர் டப்பா மாதிரி, டப்பா மேல இருக்கிற பேர பாத்தா உள்ள சர்க்கரையா உப்பான்னு தெரியாது. உள்ள இருக்கறது கோடெக், அதாவது படத்தையும் சத்தத்தையும் சுருக்கி வைக்கற முறை. படத்துக்கு ஒண்ணு, சத்தத்துக்கு ஒண்ணு. படத்துக்கு இப்ப புழக்கத்துல இருக்கறது 2003ல வந்த எச்.264, 2013ல வந்த எச்.265. இந்த ரெண்டாவதத்தான் ஹெச்இவிசின்னும் சொல்லுவாங்க. எச்.264 ஏறக்குறைய எல்லா எல்இடி டிவிலயும் ஓடும், எச்.265 பழைய டிவில ஓடாது, 4கே டிவில ஓடும். சத்தத்துக்கு ஏஏசி, ஏசி3 ரெண்டும் பிரச்சனை இல்லாதது. டிடிஎஸ்தான் தொல்லை, 2018ல இருந்து வந்த சாம்சங் டிவில டிடிஎஸ் கிடையாது, எல்ஜிலயும் 2020ல இருந்து சில வருஷம் எடுத்துட்டாங்க. படம் மட்டும் ஊமையா ஓடினா பெரும்பாலும் டிடிஎஸ்தான்.

எப்படித் தெரிஞ்சுக்கறது? கம்ப்யூட்டர்ல விஎல்சில அந்த ஃபைல ஓட்டி, டூல்ஸ் மெனுல கோடெக் இன்ஃபர்மேஷன் தொறங்க. ஸ்ட்ரீம் 0ல படத்தோட கோடெக், ஸ்ட்ரீம் 1ல சத்தத்தோட கோடெக் பெரும்பாலும் அந்த வரிசையிலதான் இருக்கும். ஓடற ஃபைல் ஒண்ணையும் ஓடாத ஃபைல் ஒண்ணையும் பக்கத்துல வச்சுப் பாத்தீங்கன்னா வித்தியாசம் கண்ணுல பட்டுடும்.

சத்தம் மட்டும் பிரச்சனைன்னா முழு வீடியோவையும் மாத்தாதீங்க, நேரம்தான் வீணாகும். ஏவிடெமக்ஸ்னு இலவச சாஃப்ட்வேர் இருக்கு, அதுல வீடியோ அவுட்புட்ல காப்பின்னு விட்டுட்டு ஆடியோ அவுட்புட்ல மட்டும் ஏசி3 இல்ல ஏஏசி எடுத்து சேவ் பண்ணுங்க. படம் தொடாம அப்படியே இருக்கும், சில நிமிஷத்துல முடியும்.

படமே பிரச்சனைன்னா ஹேண்ட்பிரேக்னு இன்னொரு சாஃப்ட்வேர். அதுவும் இலவசம்தான். ஃபாஸ்ட் 1080பி30ன்னு இருக்கறத எடுத்தா எம்பி4, எச்.264, ஏஏசி எல்லாம் அதுவே போட்டுக்கும். ஒண்ணு மட்டும் மாத்துங்க, வீடியோ பக்கத்துல ஃப்ரேம்ரேட் 30ன்னு இருக்கறத சேம் அஸ் சோர்ஸ்னு ஆக்குங்க. நம்ம ஊர் கேமராக்காரங்க நெறைய பேர் செகண்டுக்கு 50 ஃப்ரேம்ல எடுக்கறாங்க, அத 30க்குக் குறைச்சா பொண்ணு நடந்து வர்ற இடம் எல்லாம் தடக் தடக்குன்னு குதிக்கும். பழைய லேப்டாப்ல மாத்தறதுக்கு ராத்திரி முழுக்கக் கூட ஆகும், ஃபேன் காத்து போற மாதிரி டேபிள் மேல வைங்க, மெத்தை மேல வேணாம்.

வீடியோக்காரர்கிட்ட முன்னாடியே சொல்லிடறது இன்னும் நல்லது. "ஒரிஜினலும் குடுங்க, டிவில ஓடற மாதிரி எச்.264 எம்பி4 ஒண்ணும் குடுங்க"ன்னா அவருக்குப் புரியும், எக்ஸ்போர்ட் பண்ணும்போது சேத்து எடுத்துடுவார்.

அக்கா கல்யாண சிடி 2004ல எடுத்தது, அத டிவில பாக்கணும்.

விசிடியா டிவிடியான்னு பாருங்க. விசிடின்னா கம்ப்யூட்டர்ல தொறந்தா எம்பெக்ஏவின்னு ஒரு ஃபோல்டர், உள்ள டேட் ஃபைல் இருக்கும், அது எம்பெக்1 வீடியோ, அளவு 352க்கு 288தான், பெரிய டிவில கொஞ்சம் மங்கலாத்தான் வரும், அத எந்த சாஃப்ட்வேராலயும் புதுசாக்க முடியாது. டிவிடின்னா வீடியோ_டிஎஸ்னு ஒரு ஃபோல்டர்ல விஓபின்னு ஒவ்வொண்ணும் 1 ஜிபி கிட்ட துண்டு துண்டா இருக்கும், ஹேண்ட்பிரேக்ல அந்த வீடியோ_டிஎஸ் ஃபோல்டர முழுசா தொறந்தீங்கன்னா ஒரே எம்பி4 ஆக்கிக் குடுக்கும். ஆளு நகரும்போது சீப்பு மாதிரி கோடு கோடா தெரிஞ்சா ஃபில்டர்ஸ்ல டீஇன்டர்லேஸ் போடுங்க.

டிஸ்க் இன்னிக்கு படிக்குதுன்னா இன்னிக்கே காப்பி எடுத்துடுங்க. லேப்டாப்ல டிஸ்க் டிரைவ் இப்ப வர்றதில்ல, யூஎஸ்பில மாட்டற டிவிடி டிரைவ் ஒண்ணு தெருவுல யார்கிட்டயாவது இருக்கும், கேளுங்க. பாண்டி காந்தி வீதி சண்டே மார்க்கெட்லயும் பழசு தேடிப் பாக்கலாம், அங்கயே லேப்டாப்ல மாட்டி ஓட்டிப் பாத்துட்டு வாங்குங்க.

பிரான்ஸ்ல இருக்கிற மாமா குடும்ப டிவிடி, கடை டிவிடி எல்லாம் கொண்டு வந்தார், நம்ம பிளேயர் எடுக்க மாட்டேங்குது?

பாண்டியில இது நெறைய வீட்டுல உண்டு. கடையில வாங்கின டிவிடிக்கு ஏரியா நம்பர் இருக்கு, பிரான்ஸ் 2, இந்தியா 5. நம்ம பிளேயர் 5 மட்டும் எடுக்கறதா இருந்தா ஒத்துக்காது, அவர் பிரான்ஸ்ல இருந்து பிளேயரும் கொண்டு வந்திருந்தா அதுல ஓட்டுங்க. வீட்டுல எடுத்த குடும்ப டிவிடிக்கு பொதுவா இந்த நம்பர் கட்டுப்பாடு இருக்காது, அது ஓடலன்னா காரணம் வேற, டிஸ்க ஃபைனலைஸ் பண்ணாம, அதாவது எழுதி முடிச்சு மூடாம விட்டிருப்பாங்க. பழைய விஎச்எஸ் கேசட்டும் இருந்தா, பிரான்ஸ்ல செக்காம் முறை, நம்ம பால் டெக்ல போட்டா கறுப்பு வெள்ளையா வரும், கேசட் கெட்டுப் போச்சுன்னு தூக்கிப் போட்டுடாதீங்க.

வயர் எதுவும் இல்லாம அனுப்ப முடியாதா?

முடியும், மூணு விதமா. விண்டோஸ் லேப்டாப்னா விண்டோஸ் கீயும் கே எழுத்தும் அழுத்துங்க, டிவில ஸ்கிரீன் மிரரிங் ஆன் பண்ணியிருந்தா பேர் வரும், இதுக்குப் பேர் மிராகாஸ்ட், ரவுட்டர் கூடத் தேவையில்ல, ஆனா வேகமா நகர்ற காட்சியில திக்கும். ஆண்ட்ராய்டு டிவி, கூகுள் டிவின்னா விஎல்சில பிளேபேக் மெனுல ரெண்டரர்னு இருக்கு, அதுல டிவி பேர எடுத்தா ஃபைல் அங்க போகும், இதுக்குப் பேர் க்ரோம்காஸ்ட், 2018ல வந்த விஎல்சி 3.0ல இருந்து இந்த வசதி உண்டு. ஆப்பிள் மேக் வச்சிருந்தா இதே வேலைய செய்யற ஏர்பிளே அதுல இருக்கு.

மிராகாஸ்ட் தவிர மத்ததுக்கு லேப்டாப்பும் டிவியும் ஒரே வைஃபைல இருக்கணும், லேப்டாப் போன் ஹாட்ஸ்பாட்ல, டிவி வீட்டு ரவுட்டர்லன்னு இருந்தா ஒண்ணையொண்ணு பாக்காது. ரவுட்டர்ல 5 ஜின்னு முடியற பேர் தனியா இருந்தா அதுல சேருங்க, அது 5 கிகாஹெர்ட்ஸ், கூட்டம் கம்மி. டிவிடி தரம் உச்சத்துல 10 எம்பிபிஎஸ்தான், எந்த வைஃபையும் தாங்கும், ஆனா கேமராவுல இருந்து நேரா எடுத்த 4கே ஃபைல் 100 எம்பிபிஎஸ் கூட இருக்கும், அத வைஃபைல தள்ள நினைக்காதீங்க, கேபிள்தான்.

ஃபைல் நெறைய இருக்கு, ஒவ்வொரு தடவையும் காப்பி பண்ண முடியாது.

அப்ப ஜெல்லிஃபின்னு ஒரு சாஃப்ட்வேர் போடுங்க, கம்ப்யூட்டர்ல இருக்கிற வீடியோவ வீட்டு நெட்வொர்க் வழியா டிவிக்குக் குடுக்கும். இலவசம், கம்ப்யூட்டர்ல ஒரு தடவ போட்டு வீடியோ இருக்கிற ஃபோல்டர காட்டினா போதும், டிவில அதோட ஆப்ப தொறந்தா எல்லாம் போஸ்டரோட வரிசையா வரும், டிவிக்குப் புரியாத கோடெக்க அதுவே ஓட ஓட மாத்தியும் குடுக்கும், அதுக்கு மட்டும் கம்ப்யூட்டர் கொஞ்சம் தெம்பா இருக்கணும். அவ்வளவு வேணாம்னா டிவில விஎல்சி ஆப் போட்டு, கம்ப்யூட்டர்ல ஃபோல்டர ஷேர் பண்ணி விடுங்க, லோக்கல் நெட்வொர்க்ல தெரியும். ஸ்மார்ட் இல்லாத டிவின்னா எச்டிஎம்ஐல மாட்டற ஸ்டிக் ஒண்ணு வாங்கினா இதெல்லாம் அதுல வந்துடும்.

புயல் சமயத்துல நெட் இல்லன்னா எது ஓடும்?

நம்ம கடற்கரைக்கு இது முக்கியமான கேள்வி. 2011 டிசம்பர் 30ல வந்த 'தானே' புயலுக்கு அப்புறம் கடலூர்ல நாள் கணக்குல கரண்ட் இல்ல, 2024 நவம்பர் 30 ஃபெஞ்சல் புயல் பாண்டி பக்கத்துல கரை கடந்தப்பவும் நெறைய ஏரியா இருட்டுதான், கேபிள் டிவியும் போயிடும். எச்டிஎம்ஐ, பென்டிரைவ் ரெண்டுக்கும் நெட்டே வேணாம். ஜெல்லிஃபின், ஷேர் ஃபோல்டருக்கு ரவுட்டருக்கு கரண்ட் இருந்தா போதும், இன்டர்நெட் இருக்கணும்னு அவசியமில்ல. மிராகாஸ்ட்டும் ஓடும். க்ரோம்காஸ்ட் மட்டும் நெட் இல்லாம ஒழுங்கா ஆரம்பிக்காது. 32 இன்ச் எல்இடி டிவி ஏறக்குறைய 50 வாட்தான் இழுக்கும், வீட்டு இன்வெர்ட்டர்ல குழந்தைங்களுக்கு ஒரு படம் ஓட்டலாம். ஆனா செய்தி கேக்க போன் சார்ஜ் மொதல்ல, படம் அப்புறம்.

தேவனாம்பட்டினத்துல கடற்கரைப் பக்கம் வீடு, எச்டிஎம்ஐ சொருகினா ஒரு நாள் வருது ஒரு நாள் வரல.

உப்புக் காத்துதான். பின் மேல பச்சையா பூத்திருக்கான்னு பாருங்க. டிவிய ஸ்விட்ச் ஆஃப் பண்ணி பிளக்கையும் எடுத்துட்டு, காண்டாக்ட் கிளீனர் ஸ்ப்ரே கேபிள் முனையில அடிச்சு ரெண்டு மூணு தடவ சொருகி எடுங்க, நல்லா காய விட்டு அப்புறம் ஆன் பண்ணுங்க. தண்ணி, தேங்கா எண்ணெய் எதுவும் வேணாம். சும்மா இருக்கிற ஓட்டைக்கு ரப்பர் மூடி விக்குது, வாங்கிப் போட்டுடுங்க.

தமிழ் சப்டைட்டில் டிவில கட்டம் கட்டமா வருதே?

சப்டைட்டில் ஃபைல் பேரும் வீடியோ பேரும் எழுத்து மாறாம ஒண்ணா இருக்கணும், ஒரே ஃபோல்டர்ல இருக்கணும். அப்புறம் எஸ்ஆர்டின்னு முடியற அந்த சப்டைட்டில் ஃபைல நோட்பேட்ல தொறந்து சேவ் அஸ் குடுத்து, என்கோடிங்ல யூடிஎஃப்8 எடுத்து சேவ் பண்ணுங்க. நோட்பேட்லயே தமிழுக்குப் பதிலா இங்கிலீஷ் எழுத்து கன்னாபின்னான்னு தெரிஞ்சா அது பாமினி மாதிரி பழைய எழுத்துருல அடிச்சது, யூனிகோடுக்கு மாத்தற கன்வெர்ட்டர்ல போட்டு எடுத்து அப்புறம் சேவ் பண்ணணும். இவ்வளவும் செஞ்சு கட்டமாவே வந்தா அந்த டிவில தமிழ் எழுத்துருவே இல்ல, ஹேண்ட்பிரேக்ல சப்டைட்டில் பக்கம் போய் பர்ன் இன் டிக் பண்ணி படத்தோடயே ஒட்டிடுங்க, எந்த டிவில போட்டாலும் தெரியும்.